செத்த கிளியிலிருந்து தொடங்குங்கள்: பிரிட்டிஷ் ஸ்கெட்ச் நகைச்சுவைக்குப் புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

ஒருவர் செல்லப்பிராணிக் கடைக்குள் நுழைந்து, அரை மணி நேரத்துக்கு முன் அங்கே வாங்கிய கிளி செத்துக் கிடக்கிறது என்று முறையிடுகிறார். கடைக்காரர் கிளியைப் பார்த்துவிட்டு, அது ஓய்வெடுத்துக்கொண்டிருக்கிறது என்று பதில் சொல்கிறார். மான்ட்டி பைத்தான் என்ற பிரிட்டிஷ் நகைச்சுவைக் குழுவினர் நடித்த இந்தக் காட்சி 1969 டிசம்பர் 7 அன்று பிபிசி தொலைக்காட்சியில் முதன்முதலாக ஒளிபரப்பானது. இதை இன்றும் மனப்பாடமாகச் சொல்லக்கூடியவர்கள் பிரிட்டனில் ஏராளம். ஆனால் நல்ல ஆங்கிலம் அறிந்த தமிழர் ஒருவர் இதை முதன்முறை பார்க்கும்போது, ஒவ்வொரு சொல்லும் புரிந்தும் சிரிப்பு வராமல் போவதுண்டு. எனக்கும் அப்படித்தான் நேர்ந்தது. எங்கே கண்ணை வைப்பது, எதற்குக் காது கொடுப்பது என்பது தெரியாமல் பார்த்ததுதான் காரணம் என்று பல மாதங்களுக்குப் பிறகே உணர்ந்தேன். அந்த அலைச்சல் மற்றவர்களுக்கு வேண்டாம் என்பதற்காகவே இந்த வழிகாட்டியை எழுதுகிறேன்.

ஸ்கெட்ச் என்பது சில நிமிடங்களில் முடிந்துவிடும் தனிக் காட்சி. அதற்கு முன்கதையோ பின்கதையோ இருக்க வேண்டியதில்லை. அரை மணி நேர நிகழ்ச்சி ஒன்றில் இத்தகைய காட்சிகள் பல அடுத்தடுத்து வரும். பிரிட்டனில் இந்த வடிவம் வானொலியிலும், பல்கலைக்கழக மேடைகளிலும், தொலைக்காட்சியிலும் வளர்ந்தது. அதன் ஒரு கிளை அபத்தத்தை நோக்கிச் சென்றது. இன்னொரு கிளை மரணம், நோய், கொடுமை ஆகியவற்றை நோக்கிச் சென்றது. இரண்டாவதைத் தமிழில் பிளாக் காமெடி என்றும் அவல நகைச்சுவை என்றும் சொல்கிறோம். தொல்காப்பியம் ‘இழவு’ என்பதை அழுகை பிறக்கும் நான்கு இடங்களுள் ஒன்றாக வைக்கிறது. அழுகைக்கு உரிய அந்த இடத்திலேயே நகையைப் பிறப்பிப்பது அவல நகைச்சுவை என்று இப்போதைக்கு வைத்துக்கொள்ளலாம்.

இந்த வழிகாட்டியின் எல்லாப் படிகளுக்கும் பொதுவான ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்த நகைச்சுவையில் விபரீதமான பொருளைப் பார்த்துக்கொண்டிருந்தால் சிரிப்பு வராது. அந்த விபரீதத்தின் முன்னால் நின்றுகொண்டு, ஒன்றுமே நடவாததுபோல் மரியாதையாகவும் விதிமுறைப்படியும் பேசிக்கொண்டிருக்கும் மனிதரைப் பார்க்க வேண்டும். அபத்தமாக இருந்தாலும் அவலமாக இருந்தாலும் விசை அந்த மரியாதையில்தான் இருக்கிறது.

முதல் படி: கடையின் வாசலில் நுழையுங்கள்

முழு நிகழ்ச்சியை எடுத்தவுடன் பார்க்க வேண்டாம். கிளிக் காட்சியைத் தனியாக எடுத்து இரண்டு முறை பாருங்கள். முதல் முறை ஆங்கில வசன வரிகளைத் திரையில் போட்டுக்கொண்டு பாருங்கள். இரண்டாம் முறை வசன வரிகளை எடுத்துவிட்டு, பேசுபவரை விட்டு, கேட்டுக்கொண்டிருப்பவரின் முகத்தை மட்டும் பாருங்கள். வாடிக்கையாளராக வரும் ஜான் கிளீஸ் கோபப்படுகிறார். ஆனாலும் அவர் கடைசிவரை ஒரு நுகர்வோராகவே நடந்துகொள்கிறார். புகாரைப் பதிவு செய்ய வந்தவரின் சொற்களையே பயன்படுத்துகிறார். கடைக்காரராக வரும் மைக்கேல் பேலின் ஒரு கணம்கூட வெட்கப்படுவதில்லை. கிளியின் இறகு எவ்வளவு அழகு என்று பேச்சை மாற்றுகிறார். கிளி தன் நாட்டு நினைவில் ஏங்கிப்போயிருக்கிறது என்கிறார். கிளி கம்பியில் நின்றதற்குக் காரணம் அதன் கால்களை ஆணியால் அறைந்து வைத்திருந்ததுதான் என்று தெரியவந்த பிறகும் அவரிடம் ஒரு விளக்கம் தயாராக இருக்கிறது. இறுதியில் வாடிக்கையாளர், ‘செத்துவிட்டது’ என்பதற்கு ஆங்கிலத்தில் உள்ள மங்கல வழக்குகளையும் கொச்சை வழக்குகளையும் ஒன்றன்பின் ஒன்றாக அடுக்குகிறார். நாம் காலமானார், இயற்கை எய்தினார், சிவபதம் அடைந்தார், மண்டையைப் போட்டார் என்று ஒரே மூச்சில் ஒரு கிளியைப் பற்றிச் சொன்னால் எப்படி இருக்குமோ அப்படி. மரணத்தை மூடி மறைக்க ஒரு சமூகம் சேர்த்து வைத்திருக்கும் சொற்கள் அத்தனையும் ஒரு பறவையின் மேல் கொட்டப்படுகின்றன.

இந்தக் காட்சி பிறந்த விதமும் பார்வையாளருக்கு உதவும். வாங்கிய காரில் எந்தக் குறையைச் சொன்னாலும் அப்படி ஒன்றுமில்லை என்று சாதித்த ஒரு கார் விற்பனையாளரைப் பற்றி பேலின் சொன்ன அனுபவத்திலிருந்து, 1968-ல் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்காகக் கார் பழுது பற்றிய ஒரு காட்சி எழுதப்பட்டது. கிளீஸும் அவருடைய எழுத்துத் துணைவரான கிரஹாம் சாப்மனும் அதை மறுபடி எடுத்துக்கொண்டு, காரின் இடத்தில் கிளியை வைத்தார்கள். கார் ஓடவில்லை என்றால் அதை மறுத்துப் பேச இடமுண்டு. கிளி செத்துக்கிடக்கிறது என்றால் மறுக்க இடமே இல்லை. ஆயினும் மறுப்பு மட்டும் அப்படியே இருக்கிறது. பொருளை மாற்றி, பேச்சை மாற்றாமல் விட்டதால்தான் இது ஐம்பது ஆண்டுகளைத் தாண்டி நிற்கிறது என்பது என் கருத்து.

அடுத்து, அதே குழுவின் பாலாடைக்கட்டிக் கடைக் காட்சியைப் பாருங்கள். இது 1972-ல் வந்தது. நூலகத்தில் படித்துக்கொண்டிருந்தபோது பசியெடுத்ததால் வந்ததாக மிகவும் அலங்காரமான ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டு ஒருவர் கடைக்குள் வருகிறார். நாற்பதுக்கும் மேற்பட்ட பாலாடைக்கட்டிகளின் பெயர்களை ஒவ்வொன்றாகக் கேட்கிறார். ஒன்றுகூட இல்லை. ஒவ்வொரு ‘இல்லை’க்கும் கடைக்காரர் பணிவாக வருந்துகிறார். கடையின் மூலையில் இசைக்கருவி ஒன்று ஓயாமல் ஒலித்துக்கொண்டிருக்கிறது. கடைசியில் வாடிக்கையாளர் துப்பாக்கியை எடுத்துக் கடைக்காரரைச் சுட்டுவிடுகிறார். அதற்குமுன், வருந்துகிறேன், உங்களைச் சுட வேண்டியிருக்கிறது என்று அவர் முறையாக அறிவிக்கிறார். கடைக்காரரும் அதை நியாயமான ஏற்பாடாகவே ஏற்றுக்கொள்கிறார். கொலையில்கூட நடைமுறை தவறவில்லை.

இரண்டாம் படி: அலுவலகக் குரலைப் பழகிக்கொள்ளுங்கள்

கடை பழகிய பிறகு அலுவலகத்துக்குப் போகலாம். 1970-ல் வந்த ‘விசித்திர நடை அமைச்சகம்’ காட்சியில் கோட்டும் வட்டத் தொப்பியும் அணிந்த உயர் அதிகாரி ஒருவர், காலை உதறியும் மடக்கியும் நடந்து அலுவலகம் வருகிறார். அந்த நடையைப் பார்த்துச் சிரித்துவிட்டு நிறுத்திக்கொள்பவர்கள் பலர். தயவுசெய்து அங்கே நிறுத்த வேண்டாம். அவர் நாற்காலியில் அமர்ந்த பிறகுதான் காட்சி தொடங்குகிறது. தன் நடையை மேம்படுத்த அரசு மானியம் கேட்டு ஒருவர் வந்திருக்கிறார். பாதுகாப்பு, சுகாதாரம், வீட்டுவசதி, கல்வி ஆகியவற்றோடு தம் துறைக்கும் சமமான நிதி ஒதுக்கப்பட வேண்டியிருக்க, கடந்த ஆண்டு பாதுகாப்புக்குக் கொடுத்ததைவிடக் குறைவாகவே கொடுத்தார்கள் என்று அதிகாரி மனம் நொந்து பேசுகிறார். நிதிநிலை பற்றிய அவருடைய கவலை முற்றிலும் உண்மையானது. அந்த உண்மைதான் காட்சியைத் தாங்குகிறது.

இந்தக் குரலுக்கு ஒரு சமூகப் பின்னணி உண்டு. பைத்தான் குழுவின் ஆறு பேரில் ஐவர் ஆக்ஸ்போர்டிலோ கேம்பிரிட்ஜிலோ படித்தவர்கள். ஆறாமவரான டெர்ரி கில்லியம் அமெரிக்காவில் பிறந்தவர். கேம்பிரிட்ஜின் ஃபுட்லைட்ஸ் என்ற மாணவர் நாடகக் கழகம் 1883-லேயே தோன்றியது. நீதிபதிகளாகவும் தூதர்களாகவும் பேராயர்களாகவும் ஆகப்போகிற இளைஞர்களோடு ஒரே வகுப்பில் அமர்ந்திருந்தவர்கள் இந்த எழுத்தாளர்கள். ஆகவே அதிகாரத்தின் மொழியை அவர்கள் வெளியிலிருந்து கேட்டுப் பழகவில்லை. அது அவர்களுடைய வளர்ப்பு மொழி. அதை அச்சு அசலாகப் பேசிக்கொண்டே உள்ளே இருக்கும் பொருளை மட்டும் அவர்களால் எடுத்துவிட முடிந்தது.

கேம்பிரிட்ஜில் படித்த இன்னொரு நகைச்சுவைக் கலைஞரான பீட்டர் குக் இளைஞராக இருந்தபோதே எழுதி, பின்னர் டட்லி மூருடன் நடித்துப் புகழ்பெற்ற ஒற்றைக்கால் நடிகர் காட்சி இதற்கு மிகச் சிறந்த பாடம். காடுகளில் விழுதைப் பிடித்துத் தாவும் டார்ஜான் வேடத்துக்கு ஒரு கால் மட்டுமே உள்ள நடிகர் விண்ணப்பிக்கிறார். தேர்வாளரான குக் அவரை ஒரு சொல்லாலும் புண்படுத்தவில்லை. உமது வலது காலைப் பற்றி எனக்குக் குறை ஏதும் இல்லை, அது அருமையான கால் என்று தொடங்கி, இந்த வேடத்துக்கு ஒரு குறைபாடு இருக்கிறது என்ற செய்தியை அணு அணுவாக, நயத்தோடு அவிழ்க்கிறார். அந்த நயமே கொடுமையாகவும் இருக்கிறது. உடல் ஊனத்தைக் கேலி செய்வதாக இதைப் பார்ப்பவர்கள் உண்டு. நான் இதை, ‘இல்லை’ என்று நேராகச் சொல்லத் தெரியாத ஒரு வர்க்கத்தின் காட்சியாகவே பார்க்கிறேன். நீங்களே பார்த்து முடிவு செய்யுங்கள்.

மூன்றாம் படி: அபத்தத்தையும் அவலத்தையும் பிரித்தறியுங்கள்

இவை இரண்டும் அடிக்கடி கலந்து வருவதால் புதியவர்கள் குழம்புகிறார்கள். எளிய சோதனை ஒன்று இருக்கிறது. காட்சியில் உலகத்தின் விதி ஒன்று மாறியிருந்தால் அது அபத்தம். உலகம் அப்படியே இருந்து, மனிதர்களிடம் வரவேண்டிய உணர்ச்சி வராமல் போனால் அது அவலம்.

1969 அக்டோபர் 5 அன்று ஒளிபரப்பான பைத்தான் நிகழ்ச்சியின் முதல் அத்தியாயத்திலேயே, படித்தவுடன் சிரித்துச் சாகவைக்கும் ஒரு நகைச்சுவைத் துணுக்கைப் பற்றிய காட்சி வருகிறது. எழுதியவர் சாகிறார், கண்டெடுத்தவர் சாகிறார். இராணுவம் அதை இரண்டாம் உலகப் போரில் ஆயுதமாக்க முடிவு செய்து, பாதுகாப்புக்காக ஒரு மொழிபெயர்ப்பாளருக்கு ஒரு சொல் வீதம் ஜெர்மனில் பெயர்க்கச் செய்கிறது. தவறுதலாக இரண்டு சொற்களைப் பார்த்துவிட்ட ஒருவர் பல வாரம் மருத்துவமனையில் கிடக்கிறார். இங்கே பிணங்கள் நிறைய விழுகின்றன, ஆனால் அவலம் இல்லை. நகைச்சுவை கொல்லும் என்ற ஒரு விதியை மட்டும் உலகத்தில் சேர்த்துவிட்டு, மற்றதையெல்லாம் செய்திப்பட நடையில் ஒழுங்காகச் சொல்லிப்போகிறார்கள். இது அபத்தம்.

மறுபுறம், 1970 டிசம்பர் 22 அன்று வந்த இரண்டாம் தொடரின் கடைசி அத்தியாயத்தில் ஒருவர் தன் தாயின் சடலத்தை ஒரு சாக்கில் போட்டுக்கொண்டு ஈமச்சடங்கு நிலையத்துக்கு வருகிறார். அங்கிருப்பவர், எரிக்கலாம், புதைக்கலாம், தேம்ஸ் நதியில் எறிந்தும் விடலாம் என்று விலைப்பட்டியல் ஒப்பிப்பதுபோல் சொல்கிறார். சாக்கைத் திறந்து பார்த்ததும் நான்காவதாக ஒரு வழியைச் சொல்கிறார்: சமைத்துச் சாப்பிடலாம். மகன் அதிர்ச்சியடைகிறார், ஆனால் சற்று நேரத்தில், தனக்குப் பசிப்பதும் உண்மைதான் என்று ஒப்புக்கொள்கிறார். இங்கே உலகத்தின் விதி எதுவும் மாறவில்லை. துக்கம் மட்டும் காணாமல் போயிருக்கிறது. பிபிசி நிர்வாகம் இந்தக் காட்சியைக் கண்டு கலங்கியது. அரங்கத்துப் பார்வையாளர்கள் கூச்சலிட்டு எதிர்ப்புத் தெரிவித்து மேடைக்கு ஓடிவர வேண்டும் என்ற நிபந்தனையோடுதான் ஒளிபரப்ப இசைந்தது. அரசியார் இடையில் பார்க்கக்கூடும் என்று அறிவித்துக்கொண்டே நடத்தப்பட்ட அத்தியாயம் அது என்பதையும் சேர்த்து நினைத்துப் பாருங்கள். இன்று பார்க்கும்போது, நிபந்தனையின்பேரில் எழுந்த அந்தக் கூச்சலே காட்சியின் பகுதியாகிவிட்டது தெரியும்.

ஒரே சொற்கள் அபத்தத்திலிருந்து அவலத்துக்கு நகர்ந்த ஓர் உண்மை நிகழ்ச்சியும் உண்டு. இந்தப் படியில் அதை விடாமல் பார்க்க வேண்டும். கிளிக் காட்சியை எழுதிய இருவரில் ஒருவரான கிரஹாம் சாப்மன் 1989 அக்டோபரில் புற்றுநோயால் இறந்தார். அவ்வாண்டு டிசம்பரில் நடந்த நினைவுக் கூட்டத்தில் பேச எழுந்த ஜான் கிளீஸ், கிளியைப் பற்றித் தான் அடுக்கிய அதே சொற்களால் நண்பரின் மரணத்தை அறிவித்தார். பிறகு, தொலைந்தார் என்று நிம்மதி என்றும் சொன்னார். இப்படி எல்லோரையும் அதிரவைக்கும் வாய்ப்பைத் தான் நழுவவிட்டிருந்தால் சாப்மன் தன்னை ஒருபோதும் மன்னித்திருக்க மாட்டார் என்று விளக்கினார். பிரிட்டிஷ் நினைவுக் கூட்டமொன்றில் ஒரு குறிப்பிட்ட வசைச்சொல்லைச் சொன்ன முதல் ஆள் என்ற பெயரையும் அவருக்காகவே எடுத்துக்கொள்வதாகச் சொல்லி, அந்தச் சொல்லையும் சொன்னார். கூடியிருந்தவர்கள் வெடித்துச் சிரிக்கிறார்கள். அந்தக் காணொளியைப் பார்த்தால், கிளீஸின் குரலில் இருக்கும் கட்டுப்பாடு இந்த முறை வேறு காரணத்துக்காக இருப்பதை உணர்வீர்கள்.

நான்காம் படி: இப்போது முழு அத்தியாயங்களைப் பாருங்கள்

மான்ட்டி பைத்தான் நிகழ்ச்சி 1969 முதல் 1974 வரை நான்கு தொடர்களாக 45 அத்தியாயங்கள் வந்தது. முதல் இரண்டு தொடர்களிலிருந்து ஏதேனும் இரண்டு அத்தியாயங்களை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரே இரவில் இரண்டுக்கு மேல் வேண்டாம். இங்கே உங்களைத் தடுமாறச் செய்யப்போவது முடிவின்மை. காட்சி சூடுபிடிக்கும் நேரத்தில் ஓர் இராணுவ அதிகாரி வந்து, இது மிகவும் அசட்டுத்தனமாகிவிட்டது என்று நிறுத்திவிடுவார். அல்லது கில்லியமின் அசைபடத்தில் வானிலிருந்து ஒரு பெரிய பாதம் இறங்கி எல்லாவற்றையும் நசுக்கும். அந்தப் பாதம் லண்டன் தேசிய ஓவியக் காட்சியகத்தில் உள்ள பிரான்சினோவின் ஓவியம் ஒன்றிலிருந்து வெட்டியெடுக்கப்பட்டது. கடைசி வரியில் வெடிக்க வேண்டிய சிரிப்புக்காகக் காத்திருக்கும் பழக்கத்தை நீங்கள் விட்டுவிட வேண்டும். சிரிப்பு இடையிலேயே நடந்து முடிந்திருக்கும்.

முடிவைக் கைவிடும் இந்த வழியை பைத்தான் குழுவினருக்கு முன்பே திறந்தவர் ஸ்பைக் மில்லிகன். 1918-ல் இந்தியாவின் அகமத்நகரில் படைவீரர் ஒருவரின் மகனாகப் பிறந்த இவர், இரண்டாம் உலகப் போரில் பீரங்கிப் படையில் பணியாற்றி, 1944-ல் இத்தாலியில் காயமுற்றார். வாழ்நாள் முழுவதும் மனநோயின் தாக்குதல்களோடு போராடினார். 1951 முதல் 1960 வரை பிபிசி வானொலியில் வந்த ‘தி கூன் ஷோ’வின் முதன்மை எழுத்தாளர் இவரே. பீட்டர் செல்லர்ஸும் ஹாரி சீகோம்பும் உடன் நடித்தார்கள். அந்த வானொலி நிகழ்ச்சியில் வெடிகுண்டுகள் ஓயாமல் வெடிக்கும், செத்தவர்கள் அடுத்த வாரம் திரும்பி வருவார்கள். பீரங்கிகளுக்கு நடுவில் இருந்த ஒருவர் எழுதியது என்ற நினைவோடு அந்த ஒலிகளைக் கேளுங்கள். 1969 மார்ச்சில் தொடங்கிய அவருடைய ‘க்யூ5’ தொலைக்காட்சித் தொடரில், காட்சி முடியத் தெரியாமல் நின்றுவிடும். நடிகர்கள், இப்போது என்ன செய்வது என்று முணுமுணுத்துக்கொண்டே கேமராவை நோக்கி நடந்து வருவார்கள். அதைப் பார்த்த பைத்தான் குழுவினர் தாங்கள் தேடிய வடிவம் இதுதான் என்று கண்டுகொண்டு, அதன் இயக்குநரான இயன் மெக்நாட்டனையே தங்கள் நிகழ்ச்சிக்கும் வைத்துக்கொண்டார்கள். மில்லிகன் 2002-ல் இறந்தார். எனக்கு உடல்நலமில்லை என்று நான் சொன்னேனே என்ற பொருள்படும் வாசகம் விஞ்செல்சியில் உள்ள அவருடைய கல்லறையில் ஐரிஷ் மொழியில் பொறிக்கப்பட்டிருக்கிறது. அவலமும் அபத்தமும் ஒரே வரியில் சேர்ந்திருப்பதற்கு இதைவிடச் சுருக்கமான எடுத்துக்காட்டு எனக்குத் தெரியாது.

ஐந்தாம் படி: ராய்ஸ்டன் வேசிக்குப் போங்கள்

இதற்குமேல் வருபவை கனமானவை. 1999 ஜனவரியில் பிபிசியில் தொடங்கிய ‘தி லீக் ஆஃப் ஜென்டில்மென்’ நிகழ்ச்சி, ராய்ஸ்டன் வேசி என்ற கற்பனை ஊரில் நடக்கிறது. படப்பிடிப்பு டார்பிஷயரில் உள்ள ஹாட்ஃபீல்டில் நடந்தது. மார்க் கேட்டிஸ், ஸ்டீவ் பெம்பர்ட்டன், ரீஸ் ஷியர்ஸ்மித் மூவரும் ஊரின் பெரும்பாலான ஆண்களையும் பெண்களையும் தாங்களே நடித்தார்கள். ஜெரமி டைசன் அவர்களோடு சேர்ந்து எழுதினார். ஊரின் எல்லைப் பலகையில், நீங்கள் இங்கிருந்து போகவே மாட்டீர்கள் என்று எழுதியிருக்கும்.

ஸ்கெட்ச் தனித்தனியாக நிற்பது என்று மேலே சொன்னேன். இவர்கள் அந்த விதியை மாற்றினார்கள். காட்சிகள் தனித்தனிதான், ஆனால் எல்லாம் ஒரே ஊரில் நடப்பதால், ஒரு காட்சியில் காணாமல் போனவரைத் தேடி இன்னொரு காட்சியில் காவலர் வருவார். பைத்தானின் கடையில் செத்தது கிளி. இங்கே குன்றின் மேல் இருக்கும் கடையை நடத்தும் டப்ஸும் எட்வர்டும், இது உள்ளூர்க்காரர்களுக்கான உள்ளூர்க் கடை என்று சொல்லிக்கொண்டே வெளியூர்க்காரர்களைக் கொல்கிறார்கள். அந்தக் கொலைகளுக்குப் பின்விளைவும் உண்டு. ஊரின் கசாப்புக் கடைக்காரர் தெரிந்த வாடிக்கையாளர்களுக்கு மட்டும் மறைவாகக் கொடுக்கும் ‘அந்தச் சரக்கு’ என்ன என்று கடைசிவரை சொல்லப்படுவதில்லை. சொல்லாமல் விட்டது எழுத்தின் நிதானத்தைக் காட்டுகிறது.

எனக்கு மிகவும் பிடித்தவர் கேட்டிஸ் நடிக்கும் கால்நடை மருத்துவர். அன்பானவர், கனிவானவர், ஒவ்வொரு பிராணியிடமும் இதமாகப் பேசுபவர். அவர் கை வைத்த பிராணி ஒன்றும் பிழைப்பதில்லை. இந்த மனிதரிடம் வன்மம் இருந்திருந்தால் காட்சி வெறும் கொடூரமாகியிருக்கும். பெம்பர்ட்டன் நடிக்கும் பாலின், வேலையற்றோருக்குப் பயிற்சி அளிக்கும் அரசு அலுவலர்; தன் பேனாக்களை நேசிப்பதில் நூற்றில் ஒரு பங்கைக்கூட எதிரில் அமர்ந்திருக்கும் மனிதர்களுக்குத் தராதவர். அவருடைய காட்சிகளில் இரத்தம் இல்லை, பிணம் இல்லை. ஆனால் வேலை தேடி ஓர் அரசு அலுவலக மேசைக்கு முன் உட்கார்ந்த அனுபவம் உள்ள எவருக்கும் அவை மற்றவற்றைவிட வலிக்கும்.

ஒரு நடைமுறைக் குறிப்பு: முதல் இரண்டு தொடர்களில் பார்வையாளரின் சிரிப்பொலி உண்டு. 2002-ல் வந்த மூன்றாவது தொடரில் அதை எடுத்துவிட்டார்கள். இந்த மூன்றையும் வரிசையாகப் பாருங்கள். சிரிப்பொலி நமக்கு எவ்வளவு துணையாக இருந்தது என்பது அது போன பிறகுதான் தெரியும். இந்தக் குழுவிலிருந்து பெம்பர்ட்டனும் ஷியர்ஸ்மித்தும் பின்னர் 2014 முதல் 2024 வரை ‘இன்சைட் நம்பர் 9’ என்ற தொடரை உருவாக்கினார்கள். அது ஸ்கெட்ச் அல்ல, ஒவ்வொன்றும் தனிக்கதை. ஆனால் முதல் தொடரில் வரும், ஏறத்தாழ வசனமே இல்லாத திருட்டு அத்தியாயத்தை மட்டுமாவது பார்த்துவிடுங்கள்.

ஆறாம் படி: இதை எல்லோரும் எடுத்துவைக்கத் தேவையில்லை

கிறிஸ் மோரிஸ் 1997 முதல் 1999 வரை பிபிசியின் ரேடியோ 1 நிலையத்தில் நள்ளிரவுக்குப் பின் ‘புளூ ஜாம்’ என்ற நிகழ்ச்சியை வழங்கினார். அதையே 2000-ல் சேனல் 4 தொலைக்காட்சிக்காக ‘ஜாம்’ என்ற பெயரில் ஆறு அத்தியாயங்களாக ஆக்கினார். சிரிப்பொலி கிடையாது, மயக்கந்தரும் மெல்லிசை பின்னால் ஓடிக்கொண்டிருக்கும், விளம்பர இடைவேளையும் கிடையாது. குழந்தையை இழந்த தாய் ஒருவர், குழாய் பழுதுபார்ப்பவரை வரவழைத்து, குழந்தையைச் சரிசெய்து தரும்படி கேட்கும் காட்சி அதில் இருக்கிறது. அவர் முதலில் தயங்குகிறார், பிறகு கூலி பேசுகிறார். பொருளும் பேச்சும் இவ்வளவு தூரம் விலகியிருக்கும் வேறு காட்சியை நான் பார்த்ததில்லை. அதே நேரத்தில், தாயின் மறுப்பு உண்மையான துக்கத்தின் வடிவமே என்பதும் அதில் தெரிகிறது.

அண்மையில் இழப்பைச் சந்தித்தவர்கள் இந்தப் படியைத் தள்ளிவையுங்கள். ஒருபோதும் பார்க்காவிட்டாலும் குறைவில்லை. பார்க்க விரும்புகிறவர்கள் வானொலி வடிவத்திலிருந்து, இரவில், தனியாக, காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு தொடங்குவது நல்லது. படம் இல்லாதபோது நம் மனம் தனக்குத் தாங்கும் அளவையே வரைந்துகொள்ளும். கூட்டமாக உட்கார்ந்து பார்க்கவே கூடாது. பக்கத்தில் இருப்பவர் சிரிக்கிறாரா என்ற கவலையில் நாம் எதையும் கேட்க மாட்டோம்.

ஏழாம் படி: பழுதானவற்றைப் பழுதென்றே பாருங்கள்

பைத்தான் காட்சிகளில் நடுவயதுப் பெண்களை ஆண்களே கீச்சுக்குரலில் நடித்தார்கள். குழுவில் தொடர்ந்து நடித்த ஒரே பெண்ணான கேரல் கிளீவ்லாண்டுக்கு நல்ல வரிகள் அரிதாகவே கிடைத்தன. முகத்தில் வண்ணம் பூசிக்கொண்டு பிற இனத்தவராக நடித்த காட்சிகளும் பல நிகழ்ச்சிகளில் உள்ளன. 2020 ஜூனில், இத்தகைய வேடங்களின் காரணமாக ‘லிட்டில் பிரிட்டன்’, ‘தி லீக் ஆஃப் ஜென்டில்மென்’ ஆகியவற்றை நெட்ஃப்ளிக்ஸ் தன் பட்டியலிலிருந்து நீக்கியது. அந்தக் காலம் அப்படி என்று சொல்லி இவற்றைக் கடந்துபோக என்னால் முடியவில்லை. அதிகாரமுள்ளவரின் மரியாதைப் பேச்சை உரித்துக் காட்டும்போது இந்த நகைச்சுவை கூர்மையாக இருக்கிறது. எதிர்த்துப் பேச வாய்ப்பில்லாதவரின் தோற்றத்தைக் காட்டிச் சிரிப்பு கேட்கும்போது அது மழுங்கிவிடுகிறது. இதற்கு மாற்றாக, பிரிட்டனில் வாழும் தெற்காசியர்கள் உருவாக்கிய ‘குட்னெஸ் கிரேஷியஸ் மீ’ நிகழ்ச்சியில், பம்பாய் நண்பர்கள் இரவில் ஆங்கில உணவகத்துக்குச் சென்று, உள்ளதிலேயே காரமற்ற உணவு எது என்று வீறாப்பாகக் கேட்கும் காட்சியைப் பாருங்கள். அவலம் அதில் இல்லை. அபத்தம் சரியான ஆளின் மேல் திரும்பியிருக்கிறது.

எட்டாம் படி: மிட்செலும் வெப்பும்

டேவிட் மிட்செல், ராபர்ட் வெப் இருவரும் பிபிசிக்காக 2006 முதல் 2010 வரை நடத்திய ஸ்கெட்ச் நிகழ்ச்சியைக் கடைசியில் வைத்திருப்பதற்குக் காரணம் உண்டு. மேலே சொன்ன எல்லாம் அதில் வந்து சேர்கின்றன. நாஜிப் படை அதிகாரிகள் இருவர் போர்முனையில் பேசிக்கொண்டிருக்கிறார்கள். நம் தொப்பியில் ஏன் மண்டையோட்டுச் சின்னம் இருக்கிறது என்று ஒருவருக்கு முதன்முறையாகச் சந்தேகம் வருகிறது. நாம்தான் கெட்டவர்களோ என்று தயங்கித் தயங்கி, நண்பரின் மனம் நோகாமல் கேட்கிறார். இன்னொரு தொடர்காட்சியில், பெயர் சொல்லப்படாத பேரழிவு ஒன்றுக்குப் பிறகு மிஞ்சிய சிலருக்காகத் தொலைக்காட்சி வினாடி வினா நடக்கிறது. வீட்டை விட்டு வெளியே வராதீர்கள் என்று தொகுப்பாளர் உற்சாகக் குரலில் நினைவூட்டிக்கொண்டே இருக்கிறார். அழிவுக்கு முன் உலகம் எப்படி இருந்தது என்பது போட்டியாளர்களுக்கே மறந்துபோயிருக்கிறது.

நான்காவது தொடரின் கடைசி அத்தியாயத்தை முடிவாகப் பாருங்கள். அதில் முதிய ஷெர்லாக் ஹோம்ஸைப் பார்க்க முதிய வாட்சன் வருகிறார். ஹோம்ஸுக்கு நினைவு தவறிவிட்டது. அவர் தவறான முடிவுகளைப் பழைய மிடுக்கோடு அறிவிக்கிறார். வாட்சன் பழையபடியே வியந்து, ஆமோதித்து, பாராட்டுகிறார். கிளிக் கடையில் தொடங்கிய அதே மரியாதைதான் இது. முதல் சில நிமிடங்கள் நம்மைச் சிரிக்கவும் வைக்கிறது. பின்னர் ஹோம்ஸ் வாட்சனின் கையைப் பிடித்துக்கொண்டு, தன் நிலை தனக்குத் தெரியும் என்றும், மூடுபனி விலகமாட்டேன் என்கிறது என்றும் சொல்கிறார்.